படத்துக்குப் பிறகு தொங்கிய மணி

எனக்கு முப்பத்திரண்டு வயது. இந்த வயதில் என்னை "ஓய்வு பெற்றவர்" என்று யாராவது அறிமுகப்படுத்தினால் கேட்பவர்கள் சிரித்துவிடுகிறார்கள். சிரிக்கட்டும். பத்து வருடம் விவரணப் படங்களுக்கு ஒலி செய்தேன். பிறகு அந்த வேலையை நானாகவே விட்டுவிட்டு வட்டக்கச்சிக்குத் திரும்பி வந்தேன். இனி அந்த வேலைக்குப் போவதில்லை. இதை ஓய்வு என்று சொல்லாமல் வேறு எப்படிச் சொல்வது?

சென்ற மாதம் எங்கள் பழைய கம்பனியிலிருந்து இரண்டு பெண்பிள்ளைகள் வந்தார்கள். வேலைக்குச் சேர்ந்து ஒரு வருடம்கூட ஆகவில்லை. அவர்களிடம் இருந்த புதிய கமரா படத்தையும் சத்தத்தையும் ஒன்றாகவே பிடிக்கிறது. நான் அதைத் தொட்டுப் பார்த்தேன். ஓடும்போது பூனை மூச்சு விடுகிற அளவுக்குக்கூடச் சத்தமில்லை.

"அக்கா, முந்தி படம் ஒரு நாள், சத்தம் ஒரு நாளாமே? மெய்யோ?" என்று ஒருத்தி கேட்டாள்.

"ஓம். சில வேளை படம் ஒரு ஊர், சத்தம் இன்னொரு ஊர்."

"அப்படியெண்டால் எப்படியக்கா சரிவரும்?"

"சரிவந்ததுதான் பிழை" என்றேன். அவர்களுக்கு விளங்கவில்லை. எழுதித் தரும்படி கேட்டார்கள். ஆகையால் எழுதுகிறேன்.

எங்கள் குடும்பத்தில் முதன்முதலாகப் பள்ளிக்கூடத்தை முழுதாக முடித்தவள் நான். இதை எழுதும்போது என் நெஞ்சு நிமிர்வதை நான் மறைக்க விரும்பவில்லை. ஐயா யாழ்ப்பாணக் குடாநாட்டிலிருந்து குடியேற்றத் திட்டத்தில் காணி பெற்று வந்தவர். காணிக் கடதாசியில் பெருவிரலை வைத்தார். அம்மாவுக்கு எழுத்து என்றால் கோலம்தான். நான் கிளிநொச்சியிலும் பிறகு யாழ்ப்பாணத்து விடுதியிலும் படித்து, ஆங்கிலத் தட்டெழுத்தும் பழகி, ஐம்பதுகளின் நடுவில் கொழும்பில் விவரணப் படம் எடுக்கிற ஒரு சிறிய கம்பனியில் தட்டெழுத்தாளராகச் சேர்ந்தேன். தமிழ்ப் படங்களுக்கு ஒலிப் பட்டியல் எழுத ஆளில்லாமல் என்னை ஒலிப் பிரிவுக்குத் தள்ளினார்கள். ஒரு வருடத்தில் ஒலிப்பதிவுக் கருவியைப் பிரித்துப் பூட்டப் பழகிவிட்டேன். மற்றதெல்லாம் செய்து செய்து வந்தது.

அந்தக் காலத்துக் கமரா தையல் மெசின் மாதிரிச் சத்தம் போடும். பக்கத்தில் மைக் வைக்க முடியாது. ஆகவே படம் ஊமையாக வரும். அதற்கு வாய் வைப்பது எங்கள் வேலை.

ஒலிப் பிரிவின் பெரியவர் அருமைநாயகம். ஐந்தடி உயரம் இருப்பார். துணி அடி வைத்துத் தைத்த செருப்புப் போடுவார், நடந்தால் கேட்காது. ஒலி அறைக்குள் எனக்கு வளையல் தடை, கஞ்சி போட்ட சேலை தடை. ஒரு முறை என் வயிறு இரைந்ததற்குப் பதிவை நிறுத்தி, "மிஸ், சாப்பிட்டிட்டு வாரும்" என்று அனுப்பினார். கேட்கும்போது கண்ணை மூடிக்கொண்டு பெருவிரலை மேசை விளிம்பில் அழுத்தி வைத்திருப்பார். விரல் எழும்பினால் பிழை. எழும்பாவிட்டால் சரி. பத்து வருடத்தில் "நல்லது" என்று அவர் சொல்லி நான் கேட்டதில்லை. "ம், போகட்டும்" என்பதுதான் அவருடைய உச்சமான பாராட்டு. நான் அந்த "போகட்டும்" ஒன்றுக்காக நாள் முழுக்கக் காத்திருந்திருக்கிறேன்.

அவரிடம் ஒரு தடித்த பதிவேடு இருந்தது. படத்தில் போகிற ஒவ்வொரு சத்தத்துக்கும் அதில் ஒரு வரி எழுத வேண்டும். என்ன சத்தம், எங்கே எடுத்தது, எந்த நேரம், காற்று எப்படி, மைக் எத்தனை அடி தூரம். படம் எடுத்த இடத்திலேயே பிடித்த சத்தம் என்றால் நீலப் பென்சில். வேறு இடத்திலிருந்து கொண்டு வந்தது, அறைக்குள் செய்தது என்றால் சிவப்பு. நான் சேர்ந்தபோது பக்கங்கள் பாதிக்குப் பாதி இரண்டு நிறமாக இருந்தன. போகப் போகச் சிவப்பு கூடியது.

அதற்குக் காரணம் இருந்தது. மாங்குளத்துக் காட்டில் யானைக் கூட்டம் ஒன்றைப் படம் பிடித்தார்கள். நான் மறைவில் இருந்து உண்மையான சத்தத்தையே பதிந்தேன். யானை நடந்தால் சத்தமே வராது. இலை முறியும், மூச்சுக் கேட்கும், அவ்வளவுதான். அதையே படத்தில் போட்டோம். திரையிட்ட இடத்தில் சனம் கூவத் தொடங்கிவிட்டது. "ஆனைக்கு என்ன, தொண்டை அடைச்சுப் போச்சோ?" என்று ஒருவர் கத்தினார். நான் அதிர்ந்துபோனேன். உண்மையை அவர்கள் நம்பவில்லை. அடுத்த பிரதியில் வேறு எங்கேயோ பிடித்த பிளிறலைச் சேர்த்தோம். எல்லோரும் நம்பினார்கள்.

மழையும் அப்படித்தான். மழையை மைக்கில் பிடித்தால் எண்ணெயில் அப்பளம் பொரிகிற மாதிரி இருக்கும். சுளகில் நெல்லைக் கொட்டினால்தான் மழை மாதிரி இருக்கும். விடுமுறையில் வந்து இதை ஐயாவிடம் சொன்னேன். ஐயா நெடுநேரம் சிரித்தார்.

"நெல்லைக் கொட்டி மழை செய்யிறியளோ? நாங்கள் இங்கை மழையைக் கொண்டெல்லோ நெல்லுச் செய்யிறம்!"

நானும் சிரித்தேன். அந்தச் சிரிப்பில் பெருமைதான் இருந்தது.

இனி அந்தப் படத்துக்கு வருகிறேன். குளத்து நீர் நெல்லாகி வீட்டுக்கு வருவதைப் பற்றிய படம். நாங்கள் அதை "நெல்லுப் படம்" என்றே சொல்வோம். துருசு திறக்கிற காட்சியை மாங்குளத்துக்குக் கிழக்கே உள்ள ஒரு சிறிய குளத்தில் எடுத்தார்கள். துருசு என்பது குளத்துக்கட்டின் கீழே உள்ள மதகு. கட்டின் மேலிருந்து ஒரு இரும்புச் சில்லைச் சுழற்றினால் கதவு எழும்பித் தண்ணீர் வாய்க்காலுக்குள் பாயும். அதைத் திறக்கும் பொறுப்பு கந்தையா என்பவருடையது. அவர் குளத்துக்கட்டில் நடந்து வருவார், சில்லைச் சுழற்றுவார், தண்ணீர் பாயும். காட்சி அவ்வளவுதான்.

படம் வெட்டுகிற மேசையில் போட்டுப் பார்த்தபோது அந்த நடை செத்துக் கிடந்தது. இயக்குநர் முகத்தைச் சுளித்தார். அருமைநாயகத்தின் பெருவிரல் எழும்பியது.

"இங்கை ஏதோ வேணும்" என்றார்.

அப்போது நான்தான் சொன்னேன். யாரும் என்னைக் கேட்கவில்லை. "சேர், எங்கடை கொலனியிலை துருசு திறக்க முந்தி தண்டவாளம் அடிக்கிறவை."

உண்மைதான். எங்கள் பக்கத்தில் ஒரு முறை மாடு ஒன்று வாய்க்காலில் அடிபட்டுப் போனது. அதற்குப் பிறகு ஒரு பாலை மரத்தில் தண்டவாளத் துண்டு ஒன்றைக் கட்டித் தொங்கவிட்டார்கள். திறப்பதற்கு முன் வண்டிலின் கடையாணியால் அதில் மூன்று தரம் அடிப்பார்கள். பிறகு ஒரு சுருட்டுப் புகைக்கிற நேரம் பொறுப்பார்கள். அதற்குள் வாய்க்காலில் குளிப்பவர்கள், துவைப்பவர்கள், மீன் பிடிப்பவர்கள் எல்லாரும் கரையேறிவிட வேண்டும். அதன் பிறகே சில்லில் கை வைப்பார்கள்.

அருமைநாயகம் கண்ணைத் திறந்தார். "போய்ப் பிடிச்சுக்கொண்டு வாரும்."

என் ஊரின் சத்தம் நாடெங்கும் கேட்கப் போகிறது என்ற பெருமையில் ரயிலேறினேன். ஒரு காலை, காற்றில்லாத நேரம் பார்த்து, பாலை மரத்தடியில் மைக்கை ஆறடி தூரத்தில் வைத்து நானே அடித்தேன். மூன்றாவது அடியில் கடையாணி வழுக்கியது. "டங்" என்று தொடங்கிக் "கிர்ர்" என்று இழுபட்டது. திரும்ப அடிக்க நினைத்தேன். ஆனால் அந்த இழுவையில் ஒரு உயிர் இருந்ததால் விட்டுவிட்டேன்.

கந்தையா குளத்துக்கட்டில் நடக்கும் காட்சிக்கு அதை வைத்தோம். மூன்று அடி. உடனே சில்லில் கை. சுருட்டு நேரம் மூன்று செக்கனாகச் சுருங்கியது. கந்தையாவுக்குப் பின்னால் யாரோ மணி அடிப்பதாகவும் எடுத்துக்கொள்ளலாம், அவரே அடித்துவிட்டு வருவதாகவும் எடுத்துக்கொள்ளலாம். அருமைநாயகம் இரண்டு தரம் கேட்டார்.

"ம், போகட்டும். நல்லாப் போகட்டும்."

'நல்லா' என்ற சொல் வந்தது அந்த ஒரு தரம்தான். நான் பதிவேட்டில் சிவப்புப் பென்சிலால் எழுதினேன்: தண்டவாளம், மூன்று அடி, வட்டக்கச்சி, காலை, காற்றில்லை, ஆறடி. அந்தக் குளத்தில் அப்படி ஒரு மணி இல்லை என்பது எனக்குத் தெரியும். இருந்தால் என்ன, இல்லாவிட்டால் என்ன என்று நினைத்தேன். இருக்க வேண்டியதுதானே.

படம் கம்பனியின் வான் வண்டியில் ஊர் ஊராகப் போனது. பள்ளிக்கூடச் சுவர்களில் வெள்ளைத் துணி கட்டிக் காட்டினார்கள். எல்லோருக்கும் பிடித்தது. நான் வேறு படங்களுக்குப் போய்விட்டேன்.

இரண்டு வருடம் கழித்து கம்பனிக்கு ஒரு கடிதம் வந்தது. அந்தச் சிறிய குளத்தில் ஒரு மரணம் நடந்துள்ளது. அது பற்றி விசாரணை நடக்கிறது. "துருசு திறக்குமுன் மணி அடிக்கும் காட்சி" உள்ள படத்தையும் அதைப் போட்டுக் காட்ட ஒருவரையும் அனுப்ப வேண்டும் என்று எழுதியிருந்தது. கடிதத்தைத் தட்டெழுத்துப் பிரதி எடுக்க என்னிடம்தான் தந்தார்கள். நான் பிரதி எடுக்கவில்லை. அருமைநாயகத்திடம் ஓடினேன்.

"சேர், அந்த மணி எங்கடை."

"தெரியும்."

"இவை அதைச் சாட்சியாக் கேக்கினம்."

"காட்சியைக் கேக்கினம். கொண்டுபோய்க் காட்டும். சுத்தும். திருப்பிக் கொண்டு வாரும். கதையாதேயும்."

"சேர்..."

அவர் குரலை உயர்த்தவில்லை. அவர் உயர்த்துவதே இல்லை. "மணி பொய்யெண்டு நீர் அங்கை சொன்னால், நாளைக்கு மழையைக் கேப்பினம். அதுக்கடுத்த நாள் ஆனையைக் கேப்பினம். பிறகு ஆர் எங்களிட்டைப் படம் தருவினம்? இந்த அறையிலை ஒன்பது பேர் சோறு தின்னினம், மிஸ். உமக்கும் சேர்த்து."

அவர் சொன்னதில் பொய் எதுவும் இல்லை. அதுதான் என்னைக் கலக்கியது. படப்பெட்டியோடு ஒலிப்பதிவுக் கருவியையும் கட்டினேன். வழியில் புறாச் சத்தம் பிடிக்கப் போகிறேன் என்று அறையில் சொன்னேன். பழைய ஒலிநாடாவையும் பதிவேட்டையும் சேலைகளுக்கு நடுவில் வைத்தேன். பேசுவதா இல்லையா என்று அப்போதும் தீர்மானிக்கவில்லை. இல்லாத துணிவை இருந்ததாக இங்கே எழுத மாட்டேன்.

மாங்குளம் ஸ்ரேசனில் ஒருவர் சைக்கிளோடு நின்றார். இருபத்தெட்டு வயதிருக்கும். சவரம் செய்து பல நாள் ஆகியிருந்தது.

"படம் கொண்டு வாற ஆள் நீங்களோ?"

"ஓம்."

"நான் துரைசிங்கம். செத்தது என்ரை மனுசி."

நான் பெட்டியைக் கீழே வைத்தேன். அவர் பெட்டியையே பார்த்துக்கொண்டு பேசினார். குடாநாட்டிலிருந்து வந்து காணி பிடித்து இரண்டு வருடம்தான் ஆகிறது. மனைவி பெயர் பவளம். துருசு பூட்டிக் கிடந்த நாட்களில் அதன் கீழே உள்ள பள்ளத்தில் தண்ணீர் வற்றி மீன் தேங்கி நிற்கும். அன்று காலை கரப்புக் கூடையை எடுத்துக்கொண்டு மீன் பிடிக்க இறங்கினாள். மேலே கந்தையா சில்லைச் சுழற்றினார். கட்டின் மேல் நிற்பவருக்கு நாணல் மறைப்பதால் பள்ளம் தெரியாது.

"மணி அடிச்சதெண்டு கந்தையா அண்ணை சொல்லுறார். எப்பவும் அடிக்கிறவராம். படத்திலையும் இருக்காம். ஓவசியரும் அதைத்தான் சொல்லுறார்."

"நீங்கள் கேட்டனீங்களோ?"

"நான் வயலிலை. ஒண்டும் கேக்கேல்லை." சைக்கிளின் கைபிடியைத் திருப்பினார். "அவளின்ரை தமையன் வந்து ரெண்டு பிள்ளையளையும் ஊருக்குக் கூட்டிக்கொண்டு போட்டான். மணி அடிச்சும் ஏறி வராதவள் சாகவெண்டுதான் நிண்டவளாம். நான் என்ன செய்தனான் எண்டு கேக்கிறான். விசாரணையிலை மணி அடிச்சதெண்டு எழுதினால், பிள்ளையள் எனக்கில்லையாம். என்னைக் கண்டால் சனம் கதையை நிப்பாட்டுது, தங்கச்சி."

அவர் பெட்டியைத் தானே தூக்கிச் சைக்கிளில் கட்டினார். தன் பிள்ளைகளை எடுத்துக்கொள்ளப் போகிற சாமானைத் தானே கவனமாக, கயிறு இறுக்கி, அசைத்துப் பார்த்துக் கட்டினார்.

போகும் வழியில் குளத்தைக் கண்டேன். கட்டின் ஓரத்து மருத மரத்தில் ஒரு தண்டவாளத் துண்டு தொங்கியது. படம் எடுத்தபோது அந்த மரத்தின் கீழேதான் நான் உட்கார்ந்து தண்ணீர்ச் சத்தம் பதிந்தேன். அங்கே ஒன்றும் தொங்கவில்லை. நான் செய்த சத்தம் இரும்பாகி அங்கே வந்து தொங்கிக்கொண்டிருந்தது.

விசாரணை பள்ளிக்கூட மண்டபத்தில் நடந்தது. யன்னல்களுக்குச் சாக்குக் கட்டி இருட்டாக்கியிருந்தார்கள். வந்திருந்த அதிகாரி கண்ணாடி போட்டவர், அமைதியானவர். அவருக்குப் பக்கத்தில் குளத்து வேலைகளை மேற்பார்க்கிற ஓவசியர். முன் வாங்கில் கந்தையா, துண்டை மடியில் வைத்துக்கொண்டு. மறு பக்கத்தில் பவளத்தின் தமையன். துரைசிங்கம் சுவரோடு நின்றார்.

"பிள்ளை, படத்தைப் போடும்" என்றார் அதிகாரி.

போட்டேன். துணியில் கந்தையா நடந்து வந்தார். "அங்கை பார், கந்தையா அண்ணை! என்ன நடை!" என்று பின்னால் யாரோ சொல்ல, ஒரு சிறிய சிரிப்பு. அதன் மேல் மூன்று அடி விழுந்தது. மண்டபம் அடங்கியது. பத்து வருடத்தில் நான் செய்த சத்தங்களில் அதைப் போல் ஒன்று ஒரு மண்டபத்தை அடக்கி நான் பார்த்ததில்லை. எவ்வளவு நன்றாகச் செய்திருக்கிறேன் என்று நினைத்தேன். அப்படி நினைத்ததை நினைத்தால் இன்றும் உடம்பு கூசுகிறது.

"கேட்டியளோ?" என்றார் ஓவசியர். "ரெண்டு வருசத்துக்கு முந்தியே அடிச்சிருக்கு. இதுக்கு மேலை என்ன சாட்சி வேணும்?"

தமையன் துரைசிங்கத்தைப் பார்த்தான். துரைசிங்கம் நிலத்தைப் பார்த்தார்.

நான் மெசினை நிறுத்தினேன். "ஐயா, அந்த மணி இந்தக் குளத்திலை அடிச்சதில்லை."

"பின்னை?"

"வட்டக்கச்சியிலை அடிச்சது. நான்தான் அடிச்சனான்."

ஓவசியர் சிரித்தார். "படம் இங்கை எடுத்ததாம், சத்தம் வட்டக்கச்சியிலை கேட்டதாம். இந்தப் பிள்ளைக்குக் கண் ஒரு ஊரிலை, காது ஒரு ஊரிலையோ?"

மண்டபமே சிரித்தது. நான் பதிவேட்டை அதிகாரியிடம் கொடுத்துச் சிவப்பு வரியைக் காட்டினேன். அவர் வாசித்தார்.

"புத்தகத்திலை ஆரும் என்னவும் எழுதலாம்" என்றார் ஓவசியர். "எழுதப் படிக்கத் தெரிஞ்சால் போதும்."

எழுதப் படிக்கத் தெரிந்ததுதான் என் வாழ்நாள் பெருமை. அது அங்கே ஒரு குற்றச்சாட்டாக வந்து முகத்தில் விழுந்தது. ஒலிப்பதிவுக் கருவியைத் திறந்து பழைய நாடாவைப் பூட்டினேன். படத்துக்கு வேண்டிய மூன்று அடியை மட்டும்தான் அன்று இதிலிருந்து பிரதி எடுத்தோம். மிச்ச நாடாவை நான் ஒரு நாளும் முழுதாகக் கேட்கவில்லை. தேவையில்லாததை யார் கேட்பது?

ஒன்று. இரண்டு. மூன்றாவது வழுக்கி, "கிர்ர்" என்று இழுபட்டது. அது முடியும் முன்னமே என் அம்மாவின் குரல் வந்தது.

"எடி மலர்! உனக்கென்ன விசரே? இரும்பிலை தட்டி விளையாடவோ உன்னைக் கொழும்புக்கு அனுப்பினது?"

"சும்மா இரணை அம்மா. படத்துக்கு."

"படத்துக்கோ? அங்கை பார், வாய்க்காலுக்குள்ளை நிண்ட சனமெல்லாம் உடுப்பையும் தூக்கிக்கொண்டு கரையேறுது! துருசு திறக்கப் போகினம் எண்டு ஓடுதுகள். போய்ச் சொல்லு, நீ சும்மா தட்டினனி எண்டு!"

மண்டபம் வெடித்துச் சிரித்தது. சிரிப்பு பாதியில் நின்றது. அதிகாரி கண்ணாடியைக் கழற்றினார்.

"படத்தைத் திருப்பிப் போடும். மணியை மட்டும்."

போட்டேன். ஒன்று, இரண்டு, வழுக்கிய மூன்று. அதே இழுவை. இரண்டாம் தரம் கேட்ட பிறகு யாருக்கும் சந்தேகம் இருக்கவில்லை.

"கந்தையா, இந்தப் படம் எடுத்த நாளிலை இங்கை மணி இருந்ததோ?" என்று அதிகாரி கேட்டார்.

கந்தையா எழுந்தார். துண்டு கீழே விழுந்ததை அவர் கவனிக்கவில்லை. "இல்லை ஐயா."

"எப்ப வந்தது?"

"படம் காட்டினாப் பிறகு. வந்த பெரிய ஆக்கள் படத்திலை கேட்ட மணி எங்கையெண்டு கேட்டவை. ஓவசியர் ஐயா கொண்டுவந்து கட்டினவர். ஆரும் பாக்க வந்தால் அடிப்பன்."

ஓவசியர் யன்னல் சாக்கைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

"அண்டைக்கு அடிச்சனீரோ?"

கந்தையா நெடுநேரம் நின்றார். அவர் பொய் சொல்லப் பார்க்கிறார் என்று முதலில் நினைத்தேன். அவர் முகத்தைப் பார்த்தால் உண்மையாகவே தேடுகிறார் என்று தெரிந்தது.

"ஐயா, நான் அந்தப் படத்தை ஆறேழு தரம் பாத்தனான். நான் நடந்து வாறன், மணி கேக்குது, சில்லைச் சுத்துறன். அண்டைக்கும் நடந்து வந்தனான், சுத்தினனான். மணி கேட்ட மாதிரித்தான் எனக்கு இருந்தது. அடிச்சனான் எண்டுதான் நினைச்சன்." தன் கையை விரித்துப் பார்த்தார். "கையாலை ஒண்டும் எடுக்கேல்லை ஐயா. இப்ப யோசிச்சால், கையாலை ஒண்டும் எடுக்கேல்லை."

மண்டபத்தில் ஒரு பெண் "ஐயோ" என்று மெல்லச் சொன்னாள். அதிகாரி எழுதினார். எச்சரிக்கை கொடுக்கப்படவில்லை, இறந்தவர் தானாக உயிரை விட்டார் என்பதற்கு ஆதாரம் எதுவும் இல்லை, படத்தின் ஒலியைச் சாட்சியாக எடுக்க முடியாது என்று வாசித்தும் காட்டினார். பவளத்தின் தமையன் எழுந்து துரைசிங்கத்தின் முன்னால் போய் நின்றான். என்னவோ சொல்ல வாயெடுத்து, சொல்லாமல், அவருடைய கையை ஒரு தரம் பிடித்துவிட்டு வெளியே போனான். பிள்ளைகளை மறுநாள் ரயிலில் கொண்டுவருவதாக வாசலில் யாரிடமோ சொல்லிக்கொண்டு போனது கேட்டது.

நான் நாடாவைச் சுற்றிக்கொண்டிருந்தேன். துரைசிங்கம் வந்தார். எனக்கு ஒரு நன்றி வரும் என்று எதிர்பார்த்தேன். ஆம், எதிர்பார்த்தேன்.

"பெரிய உதவி தங்கச்சி" என்றார். கொஞ்ச நேரம் மெசினைப் பார்த்தார். "அவளும் இந்தப் படத்தைப் பாத்தவள். இங்கை வந்த முதல் கிழமை, இதே பள்ளிக்கூடத்திலை."

நான் நிமிர்ந்தேன்.

"எங்கடை ஊரிலை குளமும் இல்லை, துருசும் இல்லை. அவளுக்குத் தண்ணிக்குப் பயம். பள்ளத்துக்கை இறங்காதை எண்டு நான் எத்தினை தரம் சொன்னனான். 'நீங்கள் பயப்பிடாதேங்கோ, திறக்க முந்தி மணி அடிப்பினம், படத்திலை பாக்கேல்லையே' எண்டு சொல்லுவாள். மணியையும் மரத்திலை கண்டவள். அதுதான் இறங்கினவள்."

அவர் குற்றம் சாட்டவில்லை. அதை எனக்குச் சொல்கிறார் என்றுகூட அவர் நினைத்ததாகத் தெரியவில்லை. கயிற்றை எடுத்து என் பெட்டியைத் திரும்பவும் சைக்கிளில் கட்டத் தொடங்கினார். நான் நின்ற இடத்தில் நின்றேன். வாங்கு ஒன்றைப் பிடித்துக்கொண்டிருந்தது நினைவிருக்கிறது. யாரோ சாக்கை அவிழ்க்க வெயில் உள்ளே வந்தது நினைவிருக்கிறது. ஸ்ரேசனுக்கு எப்படிப் போனேன் என்பது நினைவில்லை.

கொழும்பில் அருமைநாயகம் என்னைத் திட்டவில்லை. எல்லாவற்றையும் கேட்டார். கண்ணை மூடியிருந்தார். பெருவிரல் மேசை விளிம்பில் இருந்தது. பவளம் சொன்னதை நான் சொன்னபோது அது எழும்பியது, பிறகு இறங்கவில்லை.

"அந்த மணியை வெட்டி எடுப்பம்" என்றார்.

"எங்களிட்டை இருக்கிற பிரதியிலை எடுக்கலாம் சேர். போன பிரதியளிலை?"

அந்த மாதமே நான் விலகல் கடிதம் கொடுத்தேன். அவர் அதை வாங்கி வைத்துக்கொண்டு, போகும் முன் என்ன வேண்டும் என்று கேட்டார். படம் காட்டுகிற வானைக் கேட்டேன். மறுப்பார் என்று நினைத்தேன். மூன்று கிழமைக்குத் தந்தார்.

அந்த மூன்று கிழமையும் வானோடு போனேன். பளை தொடக்கம் வவுனியா வரை, நெல்லுப் படம் காட்டிய ஊர்களைத் தேடிப் போனேன். படத்தைத் திரும்பப் போட்டுக் காட்டி, மூன்று அடி விழுந்ததும் மெசினை நிறுத்திவிட்டு வெளிச்சத்தில் எழுந்து நிற்பேன். "இந்த மணி அந்தக் குளத்திலை இல்லை. நான் வேறை ஊரிலை அடிச்சுச் சேர்த்தது. உங்கடை குளத்திலை மணி இருக்கோ, அதை ஒவ்வொரு முறையும் அடிக்கினமோ எண்டு நீங்களே போய்ப் பாருங்கோ. படத்தை நம்பி இறங்காதேங்கோ" என்று சொல்வேன். சிலர் கேட்டார்கள். சிலர் படத்தை நிறுத்தியதற்குச் சத்தம் போட்டார்கள். சில ஊர்களில் பிறகு உண்மையிலேயே மணி கட்டினார்களாம். எத்தனை ஊரில் அதை அடிக்கிறார்கள் என்று எனக்குத் தெரியாது. பிரதிகள் போன எல்லா இடத்துக்கும் நான் போய்ச் சேரவும் இல்லை.

கடைசியாகப் போன ஊரில் முன் வரிசையில் ஒரு அம்மா, மடியில் ஒரு கைக்குழந்தையோடு இருந்தார். நான் சொன்னதை வாய் பிளந்து கேட்டார்.

"என்ன பிள்ளை சொல்லுறாய்? மணி பொய்யெண்டால், அந்த ஆளும் பொய்யோ?"

"ஆள் உண்மை அம்மா."

"மழை?"

"மழை நெல்லு, அம்மா. சுளகிலை கொட்டினது."

சனம் சிரித்தது. அவரும் சிரித்தார். பிறகு துணியைப் பார்த்தார். நான் நிறுத்தி வைத்த இடத்தில் துருசுக் கதவு பாதி எழும்பியிருந்தது.

"அப்ப உந்தத் தண்ணி?"

"தண்ணி உண்மை, அம்மா" என்றேன்.